நீண்டுகொண்டே போன ரயில்

அரக்கோணத்தில் பள்ளிக்கூடச் சுவர்களில் படம் வரையும் ஜெசிந்தாவுக்கு வயது முப்பத்திரண்டு. அவளிடம் வேலை பழக வந்த தணிகாசலத்துக்கு ஐம்பத்தாறு.

அவர் இருபத்தாறு வருடம் ரயில் ஓட்டியவர். ஒரு காலையில், தண்டவாளத்தில் நின்ற பெண்ணைப் பார்த்து பிரேக் பிடித்தார். ரயில் நினைத்த இடத்தில் நிற்கிற வண்டி இல்லை.

அதன்பிறகு அவர் அவ்வப்போது காணாமல் போனார். ஆள் உட்கார்ந்திருப்பார், கை சோற்றில் இருக்கும், மனைவி கூப்பிடுவது மட்டும் கிணற்றுக்கு மேலிருந்து கேட்பதுபோல் இருக்கும். தன் கையே வேறு யாருடையதோ என்று தோன்றும். டாக்டர் மாத்திரை கொடுத்தார், கைக்கும் ஏதாவது வேலை கொடுங்கள் என்றார்.

ஜெசிந்தா எதுவும் விசாரிக்கவில்லை. பிரஷ்ஷைக் கொடுத்து, ஒரு கிளிக்குப் பச்சை அடிக்கச் சொன்னாள். பாதிக் கிளியில் அவர் போய்விட்டார். அவள் உலுக்கவில்லை. பக்கத்தில் நின்று, தான் கலக்கும் நிறங்களை வாய்விட்டுச் சொல்லிக்கொண்டிருந்தாள்.

"மஞ்சள். இன்னும் கொஞ்சம் மஞ்சள். இப்போ நீலம், ஒரு சொட்டு."

அந்தச் சொட்டு நீலத்தைப் பிடித்துக்கொண்டு அவர் திரும்பி வந்தார். மீதிக் கிளியை அடித்து முடித்தார்.

ஆறு மாதம் இப்படியே போயிற்று. பிறகு ஓர் அங்கன்வாடியில் பிள்ளைகள் ரயில் வேண்டும் என்றார்கள். தன்னால் ஆகாது என்றார் தணிகாசலம். சரி, நீங்கள் யானையைப் பாருங்கள் என்றாள் ஜெசிந்தா. மூன்றாம் நாள் அவராகவே வந்து, பெட்டிகளை மட்டும் வரைகிறேன் என்றார்.

ஜன்னல்தோறும் ஆட்களை வைத்தார். சீட்டுக்குச் சண்டை போடுகிறவர், தூங்கி வழிகிறவர், ஓர் ஆட்டுக்குட்டி. எஞ்சின் வரவேண்டிய இடம் நெருங்கும்போதெல்லாம் இன்னொரு பெட்டியைச் சேர்த்தார். ரயில் மூலை திரும்பி, சமையலறைக் கதவைச் சுற்றிக்கொண்டு, வெளிச்சுவருக்கே வந்துவிட்டது. எஞ்சின் என்ன திருத்தணியில் நிற்கிறதா என்று அங்கன்வாடியைப் பார்த்துக்கொள்ளும் செண்பகம் கேட்டாள். பிள்ளைகள் சிரித்தார்கள். தணிகாசலமும் சிரித்துவிட்டார். ஜெசிந்தா இன்னொரு டப்பா சிவப்பு வாங்கி வந்தாள்.

கடைசியில் சுவர் தீர்ந்தது. ஓர் எஞ்சினுக்குத்தான் இடம் இருந்தது.

"டீச்சர், இது என் கை மாதிரியே இல்ல," என்றார் ஜெசிந்தாவிடம்.

"யார் கையா இருந்தா என்ன சார். மஞ்சள்ல தொடுங்க."

எஞ்சினை முடிக்க நாள் முழுதும் ஆயிற்று. நடுவில் இரண்டு முறை போனார். இரண்டாம் முறை பிள்ளைகளும் கூடி நின்று நிறங்களைச் சொன்னார்கள், பாதி தப்புத் தப்பாக. அவர் சிரித்துக்கொண்டே திரும்பி வந்தார்.

பிரஷ்ஷைக் கழுவும்போது கேட்டார். "இப்படிப் போய்ப் போய் வர்ற நான், எப்ப டீச்சர் முழு ஆளாவேன்?"

"எந்தெந்தப் பெட்டி வரையும்போது போனீங்க, காட்டுங்க."

அவர் வண்டி நெடுக நடந்து பார்த்தார். பிரஷ் அசையாமல் நின்ற இடங்களில் பெயின்ட் திட்டுத் திட்டாக உறைந்திருந்தது. தொட்டுத் தொட்டு எண்ணினார்.

"பதினொன்னு."

"அது பதினொன்னும் கழண்டு போச்சா?"

"இல்லையே. வண்டியோடதான் இருக்கு."

"அந்தப் பதினொன்னுலயும் ஜன்னல்ல ஆளுங்க வேடிக்கை பார்த்துக்கிட்டு வர்றாங்க, பாருங்க சார்," என்றாள் ஜெசிந்தா.