தாமதம்னா தாமதம்தான்

மலையடிவாரக் கிராமங்களுக்கு ஓடியது பரமாயியின் மினி பஸ் ஒன்றுதான். அதை வைத்துத்தான் அவள் வீட்டில் அடுப்பெரிந்தது. மஞ்சள் காமாலையில் படுத்துவிட்டதால், பெர்மிட்டைப் புதுப்பிக்கும் மனுவைக் கெடு தாண்டித்தான் கொடுத்தாள். போக்குவரத்து அதிகாரி சந்தானகோபால் அதைத் தள்ளுபடி செய்துவிட்டார்.

"ஆஸ்பத்திரிச் சீட்டு இருக்கு சார்."

"கெடுவுக்குக் காமாலை எல்லாம் தெரியாதும்மா. தாமதம்னா தாமதம்தான். வண்டியை ஓரங்கட்டு."

வண்டி நின்றது. பரமாயி மேல்முறையீடு செய்தாள்.

விசாரணை நாளில் அதிகாரியைக் காணோம். "அவர் இல்லாமலே உத்தரவு போட்டுவிடட்டுமா?" என்றார் நீதிபதி. பரமாயியின் வக்கீல் சந்தோஷமாகத் தலையாட்டினார். பரமாயி கும்பிட்டாள்.

"அவரும் வரட்டுங்கய்யா."

"கெடுத்தியேம்மா," என்று வக்கீல் முணுமுணுத்தார்.

"இல்லாதப்ப போட்டா, நாளைக்கே வந்து உடைச்சிருவாரு சார்."

மத்தியானம் சந்தானகோபால் வியர்க்க விறுவிறுக்க வந்து சேர்ந்தார். "மன்னிக்கணும் அய்யா. மலையடிவாரத்துல ஜீப் நின்னுடுச்சு. பஸ்ஸும் வரல. வேணும்னு தாமதம் பண்ணல."

அந்த வழியில் ஓடும் ஒரே பஸ் அவர் நிறுத்தி வைத்ததுதான். பின்வரிசையில் யாரோ சிரித்தார்கள்.

"இவரை மன்னிப்பதில் உங்களுக்கு ஆட்சேபணை உண்டா?" என்று நீதிபதி பரமாயியைக் கேட்டார்.

"இல்லங்கய்யா. பாவம், மன்னிச்சிடுங்க. எதுக்காக மன்னிச்சீங்கன்னு மட்டும் உத்தரவுல எழுதிக் குடுங்க."

"அது உங்களுக்கு எதுக்கு?"

"என் மனுவோட சேத்து இந்த சார் ஆபீஸ்லயே குடுத்துடறேன்."

நீதிபதி பேனாவைத் திறந்துகொண்டு அதிகாரியைப் பார்த்தார். "எழுதட்டுமா?"

"வேணாங்கய்யா," என்றார் சந்தானகோபால். "பெர்மிட்டைப் புதுப்பிச்சுக் குடுத்துடறேன்."