சிப்பித்துறைக்கு நின்ற உருகுவே கோல்கீப்பர்

கிளீட்டஸ் வாயைத் திறந்தால் அது உருகுவேயில் போய்த்தான் நிற்கும். நெத்திலி விலையைப் பற்றிப் பேசினாலும் சரி, மழை வருமா வராதா என்று பேசினாலும் சரி, மூன்றாவது வாக்கியத்தில் "நான் உருகுவேயில கோல்கீப்பரா நிக்கும்போ" என்று ஆரம்பித்துவிடுவார். சிப்பித்துறையில் அதைக் கேட்டுப் புளிக்காத காது கிடையாது. முப்பது வருஷத்துக்கு முன்னால் சூரைமீன் பிடிக்கும் வெளிநாட்டுக் கப்பலில் வேலைக்குப் போனார், பதினோரு வருஷம் கழித்து வந்தார், இப்போது ஐஸ் பிளாண்டில் கட்டி உடைக்கிறார். ஊருக்குத் தெரிந்தது இவ்வளவுதான். நடுவில் நடந்ததற்கெல்லாம் அவர் வாய் ஒன்றுதான் சாட்சி.

ஊர் ஃபுட்பால் டீமின் கேப்டன் ரொமால்டுக்கு அந்த வாயைக் கண்டாலே ஆகாது. எதிரில் வந்தால் சந்துக்குள் திரும்பிவிடுவான். ஆனால் அந்தச் சனிக்கிழமை மத்தியானம் இரண்டரை மணிக்கு அவனே ஐஸ் பிளாண்டைத் தேடிப் போனான். வேறு வழியில்லை.

நாலரைக்கு ஃபைனல். எதிர் டீம் கல்லுமுனை. போன இரண்டு வருஷமும் அவர்கள்தான் ஜெயித்தார்கள், இரண்டு தடவையும் தோற்ற கேப்டன் ரொமால்டு. மூன்றாம் முறையும் ஜெயித்தால் கோப்பை நிரந்தரமாகக் கல்லுமுனைக்குப் போய்விடும். இரண்டு ஊர்க்காரர்களும் ஒரு நாள் முழுக்கப் பிடித்த மீனை விற்று ரொமால்டின் அப்பா காலத்தில் வாங்கிக் கோயிலில் வைத்த கோப்பை அது. அது போனால் ஊரில் அவன் தலை நிமிர்ந்து நடக்க முடியாது. நாளைக்கே வள்ளம் ஏறி எங்காவது போய்விடலாமா என்றுகூட யோசித்துவிட்டான்.

தோற்காமல் இருந்தாலே போதும். அந்த மைதானத்தில் ஒரு வழக்கம் உண்டு. ஆறு மணிக்குக் கோயிலில் திரிகால ஜெப மணி அடித்தால் ஆட்டம் முடிந்தது, பந்து காற்றில் இருந்தாலும் சரி. முன்பொரு வருஷம் இருட்டில் விழுந்த கோலுக்காக மண்டைகள் உடைந்ததால் அப்போதைய பங்குச் சாமியார் போட்ட சட்டம். சமமாக முடிந்தால் கோப்பை கோயிலிலேயே இருக்கும், அடுத்த வருஷம் கணக்கு முதலிலிருந்து தொடங்கும்.

இந்த லட்சணத்தில், அன்று காலை கடலுக்குப் போன கோல்கீப்பர் பெர்க்மான்ஸின் கையில் கெளுத்தி முள் ஏறிவிட்டது. கை பப்பாளிப்பழம் போல வீங்கி, ஐஸ் பிளாண்டில் ஒரு கட்டியைக் கட்டிப்பிடித்தபடி அவன் உட்கார்ந்திருந்தான். மற்றவர்களோ கோலில் நிற்க மாட்டோம் என்று ஒரே பிடியாக நின்றார்கள். தோற்றால் ஊர் முதலில் கோலில் நின்றவனைத்தானே திட்டும்.

"அண்ணே, நீங்க உருகுவேயில நின்னது நெசந்தானா?" என்று ரொமால்டு கேட்டான்.

கிளீட்டஸ் சுத்தியலைக் கீழே வைத்தார். இத்தனை வருஷத்தில் யாரும் அவரிடம் வந்து கேட்டதில்லை, அவர்தான் வலியப் போய்ச் சொல்லியிருக்கிறார்.

"எடே, மோண்டிவீடியோ துறைமுகத்துல கிரேன் வச்சு சூரை எறக்குதானுவ. வலை அறுந்து போச்சு. நாப்பது சூரை, ஒவ்வொண்ணும் முப்பது கிலோ, மானத்துல இருந்து வருது. கீழ நான் ஒருத்தன். ஒண்ணையும் தரையில விடல்ல. நாப்பதையும் பிடிச்சு, பெருசு சின்னது தரம் பிரிச்சு அடுக்கிட்டேன். கரையில ஒரு கிளப்பு மொதலாளி பாத்துட்டு நின்னாரு. அன்னைக்கு சாயங்காலமே எனக்கு ஜெர்சி."

"நாப்பதாவது மீனப் பிடிக்கும்போ மத்த முப்பத்தொம்பதும் எங்க மாமா இருந்து?" என்றான் பெர்க்மான்ஸ்.

"அடுக்கிட்டேன்னு சொன்னேம்லாடே! முள்ளு கையில ஏறிச்சா, காதுல ஏறிச்சா?" என்றவர் ரொமால்டு பக்கம் திரும்பிக்கொண்டார். "பதினோரு வருஷம். ஒரு கோல் விடல்ல. மொத வருஷம் பந்தே படாம கெடந்த கோல் வலையில குருவி கூடு கட்டிச்சு. ரெண்டாம் வருஷம் கிளப்புல யோசிச்சானுவ, இவன் நிக்கும்போ வலை எதுக்குன்னு. அவுத்து மீன்காரனுக்குக் குடுத்துட்டானுவ. மூணாம் வருஷம் கம்பத்தையும் பிடுங்கிட்டானுவ. நான் எங்க நிக்கேனோ அதுதான் கோலு."

"அப்ப நீங்க சாப்பிடப் போனா?"

"கோலும் கூட வரும். இன்னொண்ணு கேளு. அந்த ஊர்ல கக்கத்துல ஃபிளாஸ்க் இல்லாம ஒருத்தனும் நடக்கமாட்டான். மாத்தேன்னு ஒரு எலைத்தண்ணி, வேப்பங்கசப்பு, குழல் போட்டு உறிஞ்சுவானுவ. நானும் இடது கக்கத்துல ஃபிளாஸ்க்க இடுக்கிட்டுதான் நிப்பேன். பதினோரு வருஷமும் ஒத்தக்கை கீப்பிங். ஒரு சொட்டு சிந்தினதில்ல."

"செரிண்ணே. நாலரைக்கு வந்து நில்லுங்க" என்றான் ரொமால்டு.

கிளீட்டஸின் முகம் சட்டென்று மாறியது. "அது… முடியாதே மக்கா. என் ரெண்டு கையும் உருகுவே சர்க்காரு சொத்து. எழுதி வாங்கிட்டுத்தான் கப்பல் ஏத்தினானுவ. வேற டீமுக்கு நின்னா கேசு போட்டுருவானுவ."

"இந்தக் கையாலதான காலம்பற எனக்க பீடிய எடுத்திய? அதுக்கு சர்க்காரு பெர்மிசன் தந்துதா?" என்றான் பெர்க்மான்ஸ்.

அத்தனையும் புளுகு என்று ரொமால்டுக்குத் தெரியும். தெரிந்தும் அவர் கையைப் பிடித்துக்கொண்டான். "அண்ணே, எனக்குப் பயமாயிருக்கு. மூணாவது தடவையும் தோத்தா ஊருல என்னால இருக்க முடியாது. வேற ஆளில்ல."

கிளீட்டஸ் ஈரக் கையைக் கைலியில் துடைத்துக்கொண்டார். பிறகு சொன்னார்: "பெர்க்மான்ஸுக்க ஜெர்சி எனக்க வயித்துக்குப் பத்துமாடே?"

பத்தவில்லை. தொப்புளுக்கு மேலேயே நின்றுவிட்டது. அந்தக் கோலத்தில் அவர் கோலில் போய் நிற்க, கல்லுமுனைக்காரர்கள் கைகொட்டிச் சிரித்தார்கள். ஆனால் கிளீட்டஸ் நின்றதில் ஒரு லாபம் இருந்தது. அவரை ஒருத்தனும் நம்பாததால் சிப்பித்துறையின் பத்துப் பேரும் கோல் முன்னாலிருந்து நகரவே இல்லை. வலையில் மத்தி பட்ட மாதிரி நெருக்கியடித்து நின்றார்கள். அதையும் தாண்டி வந்த பந்துகளில் ஒன்று கிளீட்டஸின் வயிற்றில் பட்டுத் திரும்பியது. இன்னொன்று, ஜெர்சிக் கழுத்திலிருந்து கழன்ற பட்டனை அவர் குனிந்து தேடிக்கொண்டிருந்தபோது பின்புறத்தில் பட்டு வெளியே போனது. மணி ஐந்தே முக்கால் ஆகியும் கோல் இல்லை.

அப்போதுதான் ரொமால்டு காரியத்தைக் கெடுத்தான். உயரமாக ஒரு பந்து வந்தது. கிளீட்டஸ் "எனக்கு, எனக்கு" என்று கத்தினார். அந்தக் கத்தலில் நடுங்கிப்போன ரொமால்டு தானே எம்பி, இரண்டு கையாலும் பந்தைத் தட்டிவிட்டான். ரெஃப்ரி விசில் ஊதினார். பெனால்டி. ரொமால்டு தலையில் கைவைத்து மண்ணில் உட்கார்ந்துவிட்டான்.

அடிக்க வந்தவன் ததேயு, கல்லுமுனையின் சூரப்புலி, பெனால்டியைத் தவறவிட்டதே கிடையாது. கிளீட்டஸ் கோலை விட்டு மெதுவாக அவனிடம் நடந்து போனார்.

"தம்பி, ஒண்ணு சொல்லிருதேன். பின்ன என்னயக் குத்தம் சொல்லப்படாது. எனக்குப் பெனால்டி அடிச்ச நூத்திநாலு பேருல ஒருத்தன்கூட பின்ன பந்தத் தொடல்ல."

"ஏன்?" என்றான் ததேயு. கேட்டிருக்கக் கூடாது.

"மொத ஆளு அடிச்ச பந்து பாதி தூரம் வந்துச்சு. எனக்க மொகத்தப் பாத்துது. அப்படியே திரும்பி அடிச்சவன்கிட்டயே போயிட்டுது."

"திரும்பிப் போனா அது செல்லாதே" என்றார் ரெஃப்ரி. அவர் மூன்றாவது ஊர்க்காரர், பள்ளிக்கூட பி.டி. வாத்தியார், தப்பைத் திருத்தாமல் அவரால் இருக்க முடியாது. "மறுபடி அடிக்கணும்."

"அடிச்சான் சாரே! அதப் பிடிச்சு நான் தூக்கி அடிச்சேன். அங்க லாப்பிளாட்டான்னு ஒரு ஆறு. பேருதான் ஆறு, அக்கரை தெரியாது. அதத் தாண்டிப் போயி அர்ஜென்டினாவுல வேற ஒரு மேச்சுல கோல் விழுந்துட்டுது."

"வேற மேச்சு பந்து எப்பிடி கோலாவும்?" ரெஃப்ரிக்கு மூச்சு வாங்கியது. "ஒரு காலமும் ஆவாது!"

"அதத்தான் அவனுவளும் கேட்டானுவ. விசா இல்லாம வந்த பந்துன்னு கஸ்டம்ஸ்காரன் பிடிச்சு ஜெயிலுல போட்டுட்டான். மூணு மாசம். நான் போயி ஜாமீன்ல எடுத்தேன்."

கல்லுமுனை டீம் மொத்தமும் சுற்றிக் கூடிவிட்டது. அவர்கள் கேப்டன் மட்டும் "அடிடே ததேயு, நேரமாவுது!" என்று தொண்டை கிழியக் கத்தினான். "இரும் வோய், பந்து ஜெயில்ல இருந்து வந்து என்னாச்சுன்னு கேட்டுட்டு அடிக்கேன்" என்றான் ததேயு.

ரொமால்டு மண்ணிலிருந்து தலையைத் தூக்கினான். கோயில் கடிகாரத்தைப் பார்த்தான். ஐந்து ஐம்பத்தாறு. வாழ்க்கையில் முதல் தடவையாக, இந்த மனுஷன் பேச்சை நிறுத்தக் கூடாதே என்று மாதாவிடம் வேண்டிக்கொண்டான்.

"ஜெயில்ல இருந்து வந்த பந்துக்குக் கொணமே மாறிப் போச்சு. எனக்க கையில தவிர வேற எங்கயும் இருக்காது. அப்பப் பாத்து ஒரு பய அழுதுட்டு வந்தான். எனக்குக் கோல் அடிச்சாத்தான் பொண்ணு தருவேன்னு மாமனாரு சொல்லிட்டாராம். பாவமாப் போச்சு. செரி, நீ காலி கோலுல அடிடேன்னு நான் மைதானத்த விட்டே போயிட்டேன். ரெண்டு தெரு தள்ளி, மாட்டிறைச்சி சுடுத கடையில இருந்து தின்னுட்டு இருக்கேன். அவன் அடிச்சான். பந்து கோலுக்குப் போவல்ல. நேரா ரெண்டு தெரு திரும்பி, கடைக்குள்ள வந்து, எனக்க மடியில இருந்துது."

"அய்யோ" என்றான் ததேயு. அவன் கண் கலங்கிவிட்டது. அவனுக்கும் ஒரு மாமனார் இழுத்தடித்துக்கொண்டிருந்தார். "கல்யாணம் நடந்துதா இல்லியா?"

"மடியில விழுந்தது கோல் கணக்குல வராது" என்று ரெஃப்ரி சொல்லி வாய் மூடவில்லை, கோயில் மணி அடித்தது.

எல்லோரும் நின்ற இடத்தில் சிலுவை போட்டார்கள். ஜெபம் முடிந்து கண்ணைத் திறந்த பிறகுதான் கல்லுமுனைக்கு என்ன நடந்தது என்றே புரிந்தது. அவர்கள் கேப்டன் ததேயுவை மைதானத்தைச் சுற்றித் துரத்தினான். ததேயு ஓடிக்கொண்டே, "பொண்ணு கெடச்சுதா, அத மட்டும் சொல்லும்!" என்று கத்தினான்.

கோப்பை கோயிலிலேயே இருந்தது. ரொமால்டு சந்தோஷத்தில் அழுதேவிட்டான். கூட்டம் கலைந்ததும் கிளீட்டஸைத் தனியாக ஓரம் கட்டினான்.

"அண்ணே, நான் ஆருட்டயும் சொல்ல மாட்டேன். நெசத்தச் சொல்லுங்க. பதினோரு வருஷம் ஒரு கோலும் விடல்லங்கதெல்லாம்…"

கிளீட்டஸுக்கு நிஜமாகவே மனசு வருத்தமாகிவிட்டது. இறுகிப்போன ஜெர்சியைக் கஷ்டப்பட்டுத் தலைவழியாக உருவிக்கொண்டே சொன்னார்:

"இப்பக் கண்ணால பாத்தேல்லாடே? அங்கயும் இப்பிடித்தான் தடுத்தேன். பின்ன அந்த ஊரு ஸ்பானிஷ் பாஷைய நான் எதுக்குப் படிச்சேன்னு நெனச்ச?"