நாடு கடத்தப்பட்ட வேட்டை ஈ

எறும்பின் வயிற்றையும் யானையின் வயிற்றையும் ஒரே கருணையால் நிரப்புகின்ற பெருமானின் திருவடியை முதலில் நினைக்கிறேன். அவன் பெயரைச் சொன்ன பிறகே மற்றவர் பெயரைச் சொல்லுதல் முறை. கேளுங்கள், அன்பர்களே.

ஆற்றின் இரு கரைகளையும் ஒரே அரசன் ஆண்ட பழங்காலத்தில், கரையோரச் சிவன் கோயிலுக்கு ஓர் இருவாட்சிப் பூ நந்தவனம் இருந்தது. அதைக் காத்தவன் விடங்கன். அவன் மனைவி பூதி. விடியலில் பூப்பறித்து, மாலை கட்டி, காலைப் பூசைக்குக் கொடுப்பது அவர்கள் குடியின் பணி. ஒரு நாள் மாலை தவறினாலும் நந்தவனமும் அதிலுள்ள குடிலும் வேறு குடிக்குப் போய்விடும். அது அரசன் வைத்த விதி.

நந்தவனத்துக்குள் எவ்வுயிரையும் கொல்லலாகாது என்பது அவர்களே ஏற்ற நோன்பு. புழுவைக் கண்டாலும் இலையில் ஏந்தி வெளியே விடுவார்கள்.

ஒரு கோடையில், பட்டுப்போன குச்சியின் நுனியில் ஓர் ஈ அமர்ந்திருப்பதை விடங்கன் கண்டான். நீண்ட உடல், முள் முளைத்த கால்கள், முகத்தில் தாடிபோல் மயிர், தலையையே மறைக்கும் பெரிய கண்கள். தேனீ ஒன்று பறந்து வந்தது. ஈ பாய்ந்தது. அந்தரத்திலேயே அதைக் கால்களால் கட்டிப்பிடித்து, ஊசி போன்ற வாயால் குத்தியது. மீண்டும் குச்சிக்கு வந்து, உள்ளிருந்ததை எல்லாம் உறிஞ்சி, வெறும் கூட்டைக் கீழே போட்டது.

விடங்கன் மனைவியிடம் ஓடினான்.

"பூதி! ஈசன் தோட்டத்தில் கொலை! தின்றுவிட்டுத் தாடியை வேறு தடவிக்கொள்கிறது!"

"அது வேட்டை ஈ. பசித்தால் என்ன செய்யும்? பிரசாதத்துக்கு நம்மோடு வந்து வரிசையில் நிற்குமா?"

"சிரிக்காதே. கொலையைப் பார்த்துக்கொண்டு நின்றவனுக்கும் பாவம் உண்டு."

கொல்லவும் கூடாது, வைத்திருக்கவும் கூடாது. எனவே நாடு கடத்துவது என்று அவனே தீர்ப்பளித்தான். வடவேலியில் ஒன்றை மெல்லிய துணியால் பிடித்தான். ஓடமேறி அக்கரையில் விட்டான். தென்வேலியில் ஒன்றைப் பிடித்தான், அக்கரையில் விட்டான். கிணற்றடியில் ஒன்றைப் பிடித்தான். அதையும் அக்கரையில் விட்டான். கோடை முழுவதும் இதுவே அவன் வேலையாயிற்று.

கீழை மூலைக்கு அவன் வந்தபோது பூதி முந்திக்கொண்டாள். அங்கே ஒரு புதரடியில் ஒரு வேட்டை ஈ தன் வால்நுனியை மண்ணில் செருகி முட்டையிட்டுக்கொண்டிருந்தது. பிள்ளைத்தாய்ச்சியைத் துரத்த அவளுக்கு மனம் வரவில்லை. பூக்கூடையை அதற்கு முன்னே மறைவாக வைத்தாள்.

"அங்கே ஏதும் இருக்கிறதா?"

"என் கூடைதான் இருக்கிறது. அதையும் நாடு கடத்துவீர்களா?"

அவன் திரும்பிப் போனான்.

மறு ஆண்டு மழைக்காலத்தில் செடிகள் வாடத் தொடங்கின. விடங்கன் நீரை மிகுத்தான், வாட்டம் நிற்கவில்லை. எரு இட்டான், நிற்கவில்லை. பந்தல் போட்டு நிழல் தந்தான், அப்போதும் நிற்கவில்லை. நாளுக்கு நாள் அரும்பு குறைந்தது. மாலை மெலிந்தது. இரவெல்லாம் அவனுக்கு உறக்கமில்லை.

கோயில் கண்காணி மாறனார் மாலையைக் கையில் தூக்கிப் பார்த்தார்.

"என்ன விடங்கா, பெருமானுக்குப் பூணூலா கட்டி வந்திருக்கிறாய்? நாளை அன்னாபிஷேகம். வெறும் நூலோடு வந்தால் குடிலைக் காலி செய்துவிட்டே வா."

மறுநாள் விடியலில் விடங்கன் வரிசை வரிசையாகத் தேடினான். ஒரு பூ இல்லை. மூன்றாம் சங்கில் பூசை தொடங்கிவிடும். முதல் சங்கு ஒலித்தது. கையில் நாரோடு அவன் வரப்பிலேயே உட்கார்ந்துவிட்டான்.

"ஏன் உட்கார்ந்துவிட்டீர்கள்? கீழை மூலைக்கு வாருங்கள்!" என்று பூதி கத்தினாள்.

நேற்றுவரை அரும்பாகவே இருந்த அந்த மூலைப் புதர் மட்டும் வெண்மையாகப் பூத்து நின்றது. இருவரும் விரைந்து பறித்தார்கள். விரைந்து தொடுத்தார்கள். இரண்டாம் சங்கு ஒலித்தது. விடங்கன் ஓடினான். மூன்றாம் சங்குக்கு முன் மாலை சந்நிதி சேர்ந்தது.

திரும்பி வந்தவன் வாடிய செடியொன்றைப் பற்றினான். வேரே இன்றிக் கையோடு வந்தது. மண்ணுக்குள் கொழுத்த வெள்ளைப் புழுக்கள் வளைந்து கிடந்தன. வேரை எல்லாம் தின்றவை அவை.

கீழை மூலையிலும் தோண்டினான். அங்கும் கொழுத்த புழு இருந்தது. ஆனால் அதன் உடலில் மெலிந்த புழு ஒன்று வாயைப் பதித்து உறிஞ்சிக்கொண்டிருந்தது.

"பூதி, இது யார் பிள்ளை?"

"உங்கள் தாடிக்காரரின் பிள்ளை. அதன் தாய் இங்கே முட்டையிட்டதைப் போன கோடையிலேயே பார்த்தேன்."

"என்னிடம் ஏன் சொல்லவில்லை?"

"சொல்லியிருந்தால் முட்டைக்கும் விசாரணை வைத்திருப்பீர்கள்."

அவன் மண்ணை மெல்ல மூடினான். "மேலே ஒரு தேனீயைக் கொன்றது தெரிந்தது. கீழே பெருமானின் மாலையைக் காத்தது தெரியவில்லையே" என்று அழுதான்.

அந்த மூலையில் எடுத்த பதியன்களால் நந்தவனம் மெல்லத் தழைத்தது. அதுவரை மெலிந்த மாலையே சென்றது, ஆனால் தவறவில்லை. அடுத்த கோடையில் விடங்கன் பட்ட குச்சிகளை ஒடிக்காமல் நிறுத்தி வைத்தான். வருமோ, வாராதோ என்று நாள்தோறும் காத்திருந்தான்.

ஒரு முற்பகலில் வேட்டை ஈ வந்து குச்சியில் அமர்ந்தது. தேனீ ஒன்று பறந்து வந்தது. ஈ பாய்ந்தது. அந்தத் தேனீக்காக விடங்கனின் கண் கலங்கியது. ஆயினும் துணியை அவன் எடுக்கவில்லை. கை கூப்பி நின்றான்.

கண்ணுக்குத் தெரிந்த ஒரு செயலைக் கொண்டு ஓர் உயிரின் முழு வாழ்வுக்கும் தீர்ப்புச் சொல்லலாகாது என்பதே இக்கதையின் நீதி.

இதைச் செவிமடுத்த நீங்கள் ஒவ்வொருவரும், வேர் நலியாத செடிபோல், மனமும் மனையும் குளிர்ந்து, பெருமான் அருளால் நீடு வாழ்க!