வள்ளி வீட்டுச் சீர்

குன்றடியூர் கோயிலில் வருஷா வருஷம் முருகனுக்கும் வள்ளிக்கும் திருக்கல்யாணம். வள்ளியின் பிறந்த வீட்டுச் சீராகத் தேனும் தினைமாவும் கொண்டுவருவது மலைக்குடி மக்கள்தான். இந்த வருஷம் தட்டைத் தூக்கி வந்தவள் பொம்மி.

அவளும் தர்மகர்த்தா சிவக்கொழுந்தின் மகன் தணிகைவேலும் அதே சன்னிதியில் மாலை மாற்ற ஆசைப்பட்டார்கள். "சட்டம் ஆயிரம் சொல்லட்டும். சாதி விட்டுச் சாதி கல்யாணம் சாமிக்கே அடுக்காது!" என்று நேற்றுத்தான் தர்மகர்த்தா அவளை விரட்டியிருந்தார்.

குருக்கள் தாலியை எடுத்தார். பொம்மி தட்டை இறக்கவில்லை.

"நிறுத்துங்க சாமி! எங்க பொண்ணைத் தரமாட்டோம்."

"எந்தப் பொண்ணு?" என்று சீறினார் தர்மகர்த்தா.

"வள்ளிதான். சாமிக்கே அடுக்காதுன்னு நீங்கதானே சொன்னீங்க? பல்லக்கைக் கொடுங்க, அவளை மலைக்கே கூட்டிட்டுப் போறோம்."

கூட்டம் கொல்லென்று சிரித்தது. பெண் வீட்டுச் சீர் வைக்காமல் தாலி ஏறாது; தாலி ஏறாமல் பந்தி கிடையாது. பசியோடு நின்ற ஊர் தர்மகர்த்தாவை முறைத்தது. குருக்களோ தாலியும் கையுமாக விழித்தார்.

தர்மகர்த்தா தொண்டையைச் செருமினார். "சரிம்மா, சீரை வை."

"எந்தக் கல்யாணத்துக்கு, மாமா?"

"ரெண்டுக்கும்தான்!"