கரடியும் கழுதையும் தூக்கி வந்தவர்கள்

ஆற்றை ஒட்டிய ஒரு காட்டில் மலையன் என்ற கரடியும் சாம்பன் என்ற கழுதையும் நகமும் சதையுமாக வாழ்ந்து வந்தன.

ஒரு கோடையில் ஆற்று நீருக்காக அக்கரை ஓநாய்கள் போர் தொடுத்தன. காட்டு விலங்குகள் புலியின் தலைமையில் போருக்குப் புறப்பட்டன. மலையன் மட்டும் சண்டைக்குப் போகவில்லை. இரண்டு மூங்கில்களுக்கு நடுவே கொடிகளைப் பின்னி ஒரு படுக்கை செய்தது. முன்பக்கத்தைச் சாம்பனின் முதுகில் கட்டி, பின்பக்கத்தைத் தானே பிடித்துக்கொண்டது. அடிபட்டவர்களை இரண்டும் சுமந்து வந்து வைத்தியக் குரங்கிடம் சேர்த்தன.

வழி நெடுக மலையன் கர்ண கடூரமாகப் பாடும்.

"அண்ணே, புண்ணைப் பொறுத்துக்கொள்கிறேன். பாட்டை மட்டும் நிறுத்துங்கள்" என்று கெஞ்சிய மான், கொஞ்ச நேரத்தில் வலியை மறந்து சிரித்துவிட்டது.

ஒருநாள் ஆற்று மணலில் ஓர் ஓநாய் முனகிக்கொண்டு கிடந்தது.

"அது எதிரியாயிற்றே" என்றது சாம்பன்.

"விழுந்து கிடக்கிறது, சாம்பா. இனி அது யாருக்கு எதிரி?" என்றது மலையன்.

ஓநாயைப் படுக்கையில் ஏற்றியபோது, மேட்டிலிருந்து யாரோ உருட்டிய பாறை மலையன்மேல் விழுந்தது.

"நீ நிற்காதே. அதைக் கொண்டுபோய்ச் சேர்" என்று சொல்லிவிட்டு மலையன் கண்ணை மூடியது. சாம்பன் அழுதுகொண்டே ஓநாயை இழுத்துச் சென்றது.

பிறகு மழை கொட்டியது. ஆறு நிரம்பியது. சண்டைக்கும் காரணமில்லாமல் போயிற்று.

மறு ஆண்டு, யானை அரசர் போரின் நினைவாக விழா எடுத்தார். அக்கரை ஓநாய்களுக்கும் அழைப்பு போயிற்று. பலாப்பழ வாசனையில் காடே குதூகலித்தது.

புகழ்ந்தே வயிறு வளர்க்கும் நரி எழுந்தது. "அரசே, முதல் மாலை புலியாருக்குத்தான். இவர்கள் உயிரோடு இருப்பதே அவர் வீரத்தால்தானே."

"மலையனுக்கு மாலை கிடையாதா?" என்று தயங்கிக் கேட்டது சாம்பன்.

"சுமை தூக்கியதற்கெல்லாம் மாலையா? அடுத்து உனக்கும் கேட்பாய் போலிருக்கிறதே" என்று நரி சிரித்தது.

யானை துதிக்கையை உயர்த்தியது. "உயிர் பிழைத்தவர்களே சொல்லட்டும். காத்தவர் புலியார் என்பவர்கள் அவர் பக்கம் நில்லுங்கள். மலையன் என்பவர்கள் சாம்பன் பக்கம் நில்லுங்கள்."

முதலில் மான் சாம்பனிடம் ஓடியது. முயலும் முள்ளம்பன்றியும் காட்டெருமையும் பின்தொடர்ந்தன. விருந்துக்கு வந்திருந்த அந்த ஓநாயும் நொண்டிக்கொண்டே வந்து நின்றது. புலியின் பக்கம் நரி மட்டுமே மிஞ்சியது.

"பார்த்தீர்களா, நன்றி கெட்ட கூட்டம்" என்று புலியின் காதில் ஓதியது நரி.

புலி எழுந்தது. மெல்ல நடந்து சாம்பனின் அருகே போய் நின்றது.

"மயக்கம் தெளிந்து பார்த்தபோது நானும் அந்தப் படுக்கையில்தான் கிடந்தேன். படைத் தலைவன் ஆயிற்றே, வெளியே சொல்ல வெட்கப்பட்டேன். மலையனும் சாம்பனும் ஒரு நாளும் அதைச் சொல்லிக் காட்டவில்லை" என்றது.

காடு ஆரவாரித்தது. யானை மலையன் பெயரைச் சொல்லி மாலையைச் சாம்பன் கழுத்தில் போட்டது. சாம்பன் அழுதது, சிரித்தது, பிறகு இரண்டையும் சேர்த்தே செய்தது.

தனியே நின்ற நரி இப்படியும் அப்படியும் பார்த்தது. பிறகு சத்தமில்லாமல் வந்து சாம்பனுக்குப் பின்னால் ஒட்டிக்கொண்டது.

நீதி: வீழ்த்தியவனை ஊர் புகழும், விழுந்தபோது தூக்கியவனை உயிர் மறக்காது.