புலி ராஜா தடைசெய்த பூ

ராஜா இல்லாத காடு கதைக்கு ஆகாது என்பதால், இந்தக் காட்டிலும் ஒரு புலி ராஜாவாக இருந்தார். ஆட்சி என்றால் பெரிதாக ஒன்றுமில்லை, பிள்ளைகளே. தின்பார், தூங்குவார், எழுந்ததும் ஓர் உறுமல் உறுமுவார். அவ்வளவுதான்.

அதே காட்டில் முள்ளாயி என்றொரு முள்ளம்பன்றி இருந்தாள். அவளுக்கு முள்ளும் நீளம், வாயும் நீளம். காலையில் எழுந்தால் யாரோடாவது வாதாடியாக வேண்டும். ஆள் கிடைக்காத நாளில் கறையான் புற்றோடு வாதாடுவாள். அவளுடைய அண்ணன் கூரன் நேர் எதிர். யார் என்ன சொன்னாலும் தலையாட்டிவிடுவான்.

கோடை வந்தால் காட்டின் நடுவே இருந்த தோப்பில் இலுப்பைப் பூ கொட்டும். மான் தின்னும், கரடி தின்னும், பன்றி தின்னும். லேசாகத் தலை சுற்றும். நிழலில் படுத்து எழுந்தால் சரியாகிவிடும். பூ உதிர்ந்து முடிந்தால் அவரவர் வேலையைப் பார்க்கப் போய்விடுவார்கள்.

ஒரு கோடையில் ராஜாவே மூக்குமுட்டத் தின்றுவிட்டார். புலிக்கு எதற்குப் பூ என்று கேட்காதீர்கள். ராஜாவிடம் யார் கேட்பது? தள்ளாடிப் போய் எருமைகள் புரளும் சேற்றில் விழுந்தார். விழுந்தவர் சும்மா கிடக்காமல் பாடவும் ஆரம்பித்தார். காடே கூடி நின்று சிரித்தது. எல்லோரையும்விட உரக்கச் சிரித்தது முள்ளாயிதான்.

மறுநாள் காலை ஆணை பிறந்தது. "இனி இலுப்பைப் பூவை யாரும் தொடக் கூடாது. தொட்டவர் முதலை மடுவில் தள்ளப்படுவார்!"

"ஆகா! ஒழுக்கம்தானே முக்கியம், ராஜா!" என்று முதல் ஆளாகத் துள்ளிக் குதித்தது குள்ளநரி.

அன்று மாலையே முள்ளாயி ஒரு காட்சியைக் கண்டாள். நரி ஒரு புதருக்குள்ளிருந்து கரடியைக் கூப்பிட்டது. "ஒரு வாய்ப் பூ இருக்கு, மாமா. உங்க தேன்கூட்டுல பாதி குடுத்தா போதும்."

"அடப்பாவி! நேத்து வரைக்கும் இது சும்மாதானே கிடந்தது?"

"நேத்து தடை இல்லையே, மாமா."

கரடி மூக்கை நீட்டிப் பூவை மோந்து பார்த்தது. பிறகு தேன்கூட்டை எடுத்து வரப் போனது.

வியாபாரம் சூடு பிடித்தது. இதைப் பார்த்துக் கழுதைப்புலிகளும் கடை விரித்தன. நரி சும்மா இருக்குமா? செந்நாய்க் கூட்டத்தைத் தன்னோடு சேர்த்துக்கொண்டது. ஓடைக்கரையில் நடந்த அடிதடியில் கழுதைப்புலிகளில் பாதி செத்தன. மீதி, நரியிடமே வேலைக்குச் சேர்ந்தன.

பூவைக் கொண்டுபோனால் அதன் வாசனை காட்டிக்கொடுத்தது. ஆகவே நரி அதைச் சுரைக்குடுக்கையில் ஊறப்போட்டது. குடுக்கையை ஒளித்து வைப்பது சுலபம். ஆனால் ஊறலில் ஒரு மடக்கு, ஒரு கூடைப் பூவுக்குச் சமம். அதைக் குடித்த ஒரு மரநாய்க்குக் கண் பார்வையே போய்விட்டது.

கொஞ்ச நாளில், தோப்புப் பக்கம் நடந்து போவதற்குக்கூடச் செந்நாய்களுக்கு ஏதாவது தர வேண்டும் என்றானது. அதற்குப் பாதுகாப்பு என்று பெயர் வைத்தார்கள்.

"யாருகிட்டேருந்து பாதுகாப்பு?" என்று வழிமறித்துக் கேட்டாள் முள்ளாயி.

"எங்ககிட்டேருந்துதான்," என்றது செந்நாய், கொஞ்சமும் வெட்கமில்லாமல்.

குற்றம் பெருகிவிட்டதே என்று ராஜா கவலைப்பட்டார். தடையைக் காக்க ஒரு தலைமைக் காவலரை நியமித்தார். யாரை என்று கேட்கிறீர்களா? நரியைத்தான். ஒழுக்கம், ஒழுக்கம் என்று அவ்வளவு உரக்கக் கத்தியவர் காட்டில் வேறு யார் இருந்தார்கள்?

தலைமைக் காவலர் என்றால் அவ்வப்போது யாரையாவது பிடித்துக் காட்ட வேண்டுமல்லவா? பிடிபட்டவன் கூரன்.

"உன் முள்ளுல பூவைக் குத்தி ஊறல் போடுற இடத்துக்குக் கொண்டு வா. மாட்டேன்னா உன் வளையைத் தோண்டிடுவோம்" என்று செந்நாய்கள் மிரட்டியிருந்தன. வழக்கம்போல் அவனும் தலையாட்டிவிட்டான். தன் முதுகு தனக்குத் தெரியாது, பாவம். உடம்பெல்லாம் பூவோடு, பின்னால் தேனீக்கள் ரீங்காரமிட, கல்யாணப் பல்லக்கு மாதிரி நட்ட நடுப்பாதையில் நடந்து வந்தான்.

முதலை மடுவின் கரையில், ராஜாவின் பாறையடியில் விசாரணை கூடியது. கூரனை மடுவின் விளிம்பில் நிறுத்தியிருந்தார்கள்.

"ஒருத்தனை மடுவுல தள்ளினாத்தான் ராஜா, மத்தவனுக்கெல்லாம் புத்தி வரும்," என்று நரி நெஞ்சை நிமிர்த்திச் சொன்னது. கூரன் நடுங்கியதில் அவன் முட்கள் கலகலவென்று சத்தமிட்டன.

முள்ளாயி முன்னால் பாய்ந்தாள். "அவன் யாருக்காகச் சுமந்தான்னு கேளுங்க, ராஜா! ஊறல் போடுறது யாரு? செந்நாயை ஏவுறது யாரு? இதோ நிக்கிறாரே, உங்க தலைமைக் காவலர்!"

"சாட்சி இருக்கா?" என்றார் ராஜா.

முள்ளாயி கரடியைப் பார்த்தாள். கரடி தன் கால் நகத்தைப் பார்த்தது. மானைப் பார்த்தாள். மான் வானத்தைப் பார்த்தது. கூட்டத்துக்குப் பின்னால் செந்நாய்கள் நாக்கைச் சப்புக்கொட்டிக்கொண்டு நின்றன.

"சாட்சி இல்லை. தள்ளிடலாம்," என்றது நரி.

முள்ளாயி அண்ணன் பக்கம் திரும்பினாள். நியாயம் தன் பக்கம்தான். ஆனால் அதை வைத்துக்கொண்டு அண்ணனை மடுவிலிருந்து மீட்க முடியாது போலிருந்தது. சிலிர்த்த முள்ளை மெல்ல மடக்கினாள். பிறந்ததிலிருந்து செய்யாத ஒரு காரியத்தைச் செய்தாள். எதிராளியோடு ஒத்துப்போனாள்.

"நரி மாமா சொல்றதுதான் சரி, ராஜா."

"அடிப்பாவி! நீயெல்லாம் ஒரு தங்கச்சியா?" என்று அலறினான் கூரன். அவன் எதிர்த்துப் பேசியதைக் காடு கேட்டது அதுதான் முதல் தடவை.

"நீ சும்மா இரு, அண்ணே. ராஜா, இவனைத் தள்ளினாலும் நாளைக்கு இன்னொருத்தன் சுமப்பான். மாமாவும் எத்தனை பேரைத்தான் பிடிப்பாரு? ஓடி ஓடி எப்படி இளைச்சுப் போயிட்டாரு, பாருங்க!" நரியின் தொப்பையைப் பார்த்து முயல்கள் வாயைப் பொத்திக்கொண்டன. "அதனால நம்ம யானைகளைக் கூப்பிடுங்க. தோப்பையே வேரோட சாய்ச்சிடலாம். மரமில்லேன்னா பூவில்லை. பூவில்லேன்னா குற்றமே இல்லை."

"எப்ப ஆரம்பிக்கணும்?" என்று யானைகள் உற்சாகமாகத் தும்பிக்கையைத் தூக்கின.

"ஐயையோ! மரத்தைத் தொடாதீங்க!"

அலறல் காட்டையே உலுக்கியது. முள்ளாயி எதிர்பார்த்த அலறல்தான். ஆனால் அவள் எதிர்பார்த்தது ஒரு குரலை. கேட்டதோ இரண்டு குரல். ஒன்று நரியுடையது. இன்னொன்று பாறையின் மேலிருந்து வந்தது.

எல்லாத் தலைகளும் பாறையை நோக்கித் திரும்பின.

"நிழல்... நிழலுக்காகச் சொன்னேன்," என்று நரி மென்று விழுங்கியது.

"உங்களுக்கு எதுக்கு மரம், ராஜா?" என்றாள் முள்ளாயி.

"எனக்கும் நிழலுக்குத்தான்!" என்று ராஜா உறுமினார். உறுமுவதற்கு வாயைத் திறந்தாரா, உள்ளேயிருந்து ஊறல் நாற்றம் குப்பென்று முன்வரிசை வரை வீசியது. முயல்கள் தும்மின. எங்கோ ஒரு குரங்கு களுக்கென்று சிரித்தது.

நரிக்கு வைத்த பொறியில் புலியும் விழுந்திருந்தது! முள்ளாயிக்கு நாக்கு துறுதுறுவென்றது. சொல்ல வேண்டியது எவ்வளவோ இருந்தது. ஆனால் கூரன் இன்னும் மடுவின் விளிம்பில் நின்றுகொண்டிருந்தான். அவள் நாக்கைக் கடித்துக்கொண்டாள்.

"புரிஞ்சுது ராஜா. தோப்பு இருக்கட்டும்னு சொல்றீங்க. தோப்பு இருந்தா பூ உதிரத்தானே செய்யும்? அப்ப பூவும் தப்பில்லை, எங்க அண்ணனும் தப்பில்லை. அப்படித்தானே?"

ராஜா கூட்டத்தைப் பார்த்தார். கூட்டம் சிரிப்பதற்குத் தயாராக இருந்தது.

"அதைத்தான் நானும் சொல்ல வந்தேன்," என்றார். "தடை நீங்கியது. கலைந்து போங்கள்!"

"ராஜா! ஒழுக்கம்!" என்று கத்திய நரிக்கு, உண்மையாகவே கண்ணீர் வந்துவிட்டது.

மறுநாள் விடிந்தபோது தோப்பில் பூ சும்மா கொட்டிக்கிடந்தது. சும்மா கிடப்பதை யார் நரியிடம் வாங்குவார்கள்? கூலி இல்லை என்று தெரிந்ததும் செந்நாய்கள் வேறு காட்டுக்குப் போய்விட்டன. ஊறல் குடுக்கையில் எறும்பு மொய்த்தது.

இப்போது நரி தினமும் குளித்துவிட்டுப் பாறையடிக்குப் போகிறதாம். "ராஜா, நாவல் பழம் தின்னு தின்னு சின்னப் பிள்ளைங்க நாக்கெல்லாம் ஊதாவா திரியுது. பார்க்கவே அசிங்கமா இருக்கு. அதைத் தடை செஞ்சா என்ன?" என்று கேட்கிறதாம்.

முள்ளாயியும் தினமும் அங்கே போகிறாள். முள்ளைச் சிலிர்த்துக்கொண்டு.

நீதி: அகப்பட்டவன் யார் என்று பார்ப்பதோடு நிற்காதே; ஆதாயம் யாருக்கு என்று கேள்.