இருவாட்சிகள் கடனுக்கு வாங்கிய பொந்து

மழை விட்ட பிறகும் மரங்கள் சொட்டிக்கொண்டே இருக்கும் ஒரு மலைக்காட்டில் இரண்டு இருவாட்சிப் பறவைகள் வாழ்ந்தன. ஆணின் பெயர் கொண்டையன். பெண்ணின் பெயர் மலைச்சி. கொண்டையன் கடும் உழைப்பாளி; யார் எதைச் சொன்னாலும் நம்பிவிடுவான். மலைச்சி எதையும் எண்ணிப் பார்க்காமல் விடமாட்டாள்.

இருவாட்சிகள் குச்சி பொறுக்கிக் கூடு கட்டுவதில்லை, குழந்தைகளே. அவற்றுக்குப் பெரிய மரத்தில் பெரிய பொந்து வேண்டும். பெண் பறவை அதற்குள் புகுந்து வாசலைச் சேறு பூசி அடைத்துக்கொள்ளும். அலகு நுழையும் அளவுக்கு ஒரு கீறல் மட்டும் விட்டுவைக்கும். குஞ்சு வளரும்வரை ஆண் பறவை அந்தக் கீறல் வழியேதான் பழம் ஊட்டும். பொந்து இல்லையென்றால் முட்டை இல்லை, குஞ்சும் இல்லை.

மூன்று வருடமாக இவர்களுக்குப் பொந்து கிடைக்கவில்லை. நான்காம் வருடம், பள்ளத்தாக்குக்குக் குடிபோகவிருந்த ஒரு பறக்கும் அணில் தன் பொந்தை விற்பதாகச் சொன்னது. விலை ஆயிரத்து இருநூறு சாதிக்காய். அந்தக் காட்டில் எதை வாங்கவும் எதை விற்கவும் காட்டுச் சாதிக்காய்தான். கொண்டையனும் மலைச்சியும் சேர்த்து வைத்திருந்தது இருநூறு.

"மீதி ஆயிரத்துக்கு எங்கே போவது?" என்றாள் மலைச்சி.

"சவ்வாதனிடம் கேட்கலாம்" என்றான் கொண்டையன்.

சவ்வாதன் ஒரு புனுகுப்பூனை. அவன் நடந்துபோன வழியெல்லாம் மணக்கும். பேச்சு அதைவிட மணக்கும். பாறை இடுக்குகளில் அவன் குவித்து வைத்திருந்த சாதிக்காய்களுக்கு அளவே இல்லை. வீடு வேண்டியவர்களுக்கு அவன் கடன் கொடுப்பான்.

"அடடா, கொண்டையன் தம்பி! உனக்கு இல்லாததா? ஆயிரம்தானே? இப்போதே எடுத்துக்கொள்" என்றான் சவ்வாதன். "நூறு காய்க்கு மாதம் ஒரு காய் வட்டி. இந்தக் காட்டில் இதைவிடக் குறைவாக யாரும் தரமாட்டார்கள். ஒவ்வொரு பௌர்ணமிக்கும் மறுநாள் காலையில் பதினொரு காய் கொண்டுவந்து வைத்துவிடு. அவ்வளவுதான்."

"பதினொன்றுதானா அண்ணா?"

"பதினொன்றேதான். ஒருநாள் தவறினால் மட்டும் இரண்டு காய் கூடுதல். நீதான் தவறவே மாட்டாயே!"

மலைச்சி குறுக்கிட்டாள். "கடன் தீரும்போது நாங்கள் மொத்தம் எவ்வளவு கொடுத்திருப்போம்?"

சவ்வாதன் கலகலவென்று சிரித்தான். "தங்கையே, முட்டையிட வேண்டிய நேரத்தில் மொத்தக் கணக்கு எதற்கு? பதினொரு காய் உன்னால் முடியுமா, முடியாதா? அதை மட்டும் பார். பொந்துக்கு வேறு ஆள் வந்துவிட்டால் என்னைக் குறை சொல்லாதே."

அந்தக் கடைசி வார்த்தையில் கொண்டையனுக்குப் பதற்றம் வந்துவிட்டது. சவ்வாதன் நீட்டிய மரப்பட்டையில் தன் நகத்தைப் பதித்தான். மலைச்சியும் பதித்தாள். அந்தப் பட்டையின் நகல் ஒன்றை அவளே வாங்கி வைத்துக்கொண்டாள்.

பொந்து வந்தது. மலைச்சி உள்ளே போய் வாசலை அடைத்தாள். இரண்டு முட்டை இட்டாள். இரண்டும் பொரிந்தன.

அந்த வருடம் மழை முன்னதாகவே பிடித்துக்கொண்டது. சாதிக்காய்கள் பழுக்குமுன்பே அழுகி உதிர்ந்தன. பதினொரு காய்க்காகக் கொண்டையன் மூன்று மலை தாண்டிப் பறந்தான். அதில் நான்கு நாள் போனது. அத்தனை நாளும் அத்திப்பழம் பறித்து வர நேரமில்லை.

"தவணை கட்டியாகிவிட்டதா?" என்று கீறல் வழியே கேட்டாள் மலைச்சி.

"கட்டிவிட்டேன். ஒருநாள் தாமதம். பதின்மூன்றாக வாங்கிக்கொண்டான்."

"பழம்?"

கொண்டையன் அலகில் இருந்தது இரண்டே பழம். சின்னக் குஞ்சு அன்றைக்கு மறுநாள் வாய் திறக்கவில்லை. மூத்த குஞ்சு மட்டும் பிழைத்தது.

ஒரு வருடம் முடிந்தது. பிழைத்த குஞ்சு தனியே இரை தேடத் தொடங்கியதும் மலைச்சி நேராகச் சவ்வாதனிடம் போனாள். கொண்டையனும் கூடவே போனான்.

"பன்னிரண்டு தவணை கட்டியிருக்கிறோம். அபராதம் போக நூற்று முப்பத்திரண்டு காய். ஆயிரத்தில் இன்னும் எவ்வளவு பாக்கி?" என்று கேட்டாள்.

சவ்வாதன் தன் கணக்குப் பட்டையைப் பார்த்தான். "தொள்ளாயிரத்து எண்பத்தேழு காயும், ஒரு சிறு துண்டும்."

கொண்டையன் முன்னால் வந்தான். "அண்ணா, தப்பாகப் படிக்கிறீர்கள். எண்ணூற்று அறுபத்தெட்டுதானே வரவேண்டும்?"

"தம்பி, வட்டி இல்லையா? ஆயிரத்துக்கு வட்டி பத்து. நீ கொடுத்த பதினொன்றில் பத்து எனக்கு. ஒன்றே ஒன்று அசலில் கழிந்தது. அடுத்த மாதமும் ஏறக்குறைய அப்படியே. நான் ஒரு காய்கூட ஏமாற்றவில்லை. வேண்டுமானால் எண்ணிப் பார்."

அவன் சொன்னது உண்மைதான். அவன் ஏமாற்றவில்லை. சொல்ல வேண்டியதைச் சொல்லாமல் விட்டான், அவ்வளவுதான்.

மலைச்சி திரும்பிப் பறந்தாள். ஆற்றோரத்துத் தட்டைப் பாறையில் போய் உட்கார்ந்தாள். கூழாங்கற்களைக் குவித்தாள். ஒவ்வொரு பௌர்ணமிக்கும் பாக்கி எவ்வளவு, வட்டி எவ்வளவு, அசலில் கழிவது எவ்வளவு என்று கல் வைத்துக் கல் எடுத்தாள். கொண்டையன் கல் பொறுக்கிக் கொடுத்தான். அந்த வேலை மூன்று நாள் பிடித்தது.

மூன்றாம் நாள் மாலை மலைச்சி நிமிர்ந்தாள். "இருநூற்று நாற்பத்தொரு பௌர்ணமி. இருபது வருடம். ஆயிரம் காய்க்கு நாம் கொடுக்கப்போவது இரண்டாயிரத்து அறுநூற்று ஐம்பத்தொன்று."

"இரண்டாயிரத்து…" கொண்டையன் கற்களைத் திரும்ப எண்ணத் தொடங்கினான்.

"கூடுதலாகப் போவதில் இன்னொரு பொந்தே வாங்கலாம். வாங்கியும் மீதி இருக்கும். நம்முடைய இருபது வருடத்து இறக்கை வலியை அவன் பாறை இடுக்கில் குவிக்கப்போகிறான். கேட்டேனே! வாய் திறந்து கேட்டேனே! சிரித்துவிட்டுப் போனான். பாவம், அந்தச் சின்னது இரண்டு பழத்துக்கு வாய் பிளந்து கிடந்தது."

அவளுக்குக் கோபம் சவ்வாதன்மீது மட்டுமல்ல. சிரிப்புக்கு அடங்கிப்போன தன்மீதும் வந்தது.

மறுநாள் முழுவதும் அவள் அந்தக் கற்களை வேறு வேறு விதமாக மாற்றி அடுக்கினாள். பிறகு கொண்டையனைக் கூப்பிட்டாள்.

"இதைப் பாருங்கள். பாக்கி குறைந்தால் வட்டி குறைகிறது. வட்டி குறைந்தால் அடுத்த தவணையில் அசல் அதிகம் கழிகிறது. இப்போதே கூடுதலாக ஒரு காய் வைத்தால், அது பின்னால் வரும் பல காய்களை மிச்சம் பிடிக்கிறது. நான் அடைகாக்காத எட்டு மாதமும் இரண்டு பேரும் பறந்து இருபத்தைந்து காய் சேர்ப்போம். அடைகாக்கும் நான்கு மாதம் பதினொன்றே கட்டுவோம்."

"அவன் ஒத்துக்கொள்வானா?"

"ஒத்துக்கொள்ள வைப்போம்."

அடுத்த பௌர்ணமிக்கு மறுநாள் காலை. சவ்வாதனின் பாறை முன்னால் வழக்கம்போலக் கூட்டம். முள்ளம்பன்றி, கீரி, மரநாய், எல்லோரும் தங்கள் தவணைக் காய்களோடு நின்றார்கள். முன்வரிசையில் மலை மைனா ஜோடி ஒன்று. புதுக் கடனுக்கு நகம் பதிக்க வந்திருந்தார்கள். மைனாவைத் தெரியுமல்லவா? காதில் விழுந்ததை அப்படியே திருப்பிச் சொல்லும்.

மலைச்சி இருபத்தைந்து காயைப் பாறைமேல் வைத்தாள். "பதினொன்று தவணை. மீதிப் பதினான்கையும் அசலில் கழித்துக்கொள்."

சவ்வாதனின் மீசை விறைத்தது. ஆனால் குரல் தேனாகவே இருந்தது. "எதற்கு அவசரம் தங்கையே? அந்தப் பதினான்கைப் பத்திரமாக வைத்திருக்கிறேன். அடுத்த தவணைக்கு ஆகும்."

"அடுத்த தவணைக்கு வேண்டாம். அசலில் கழி."

"அப்படியானால் அதற்கு அபராதம் உண்டு. முன்கூட்டியே அடைத்தால் எனக்கு வரவேண்டிய வட்டி நஷ்டம் இல்லையா?"

கொண்டையனுக்கு இறகெல்லாம் சிலிர்த்தது. இதுவரை யாரிடமும் குரல் உயர்த்தாதவன் கத்தினான். "தாமதமாகக் கொடுத்தாலும் அபராதம், சீக்கிரம் கொடுத்தாலும் அபராதமா? கொடுப்பவன் எப்போதுதான் நல்லவன்?"

மலைச்சி தன்னிடம் இருந்த மரப்பட்டையை எல்லோரும் பார்க்க விரித்தாள். "தாமதத்துக்கு இரண்டு காய் என்று இதில் இருக்கிறது. முன்கூட்டி அடைத்தால் அபராதம் என்று எங்கே இருக்கிறது? காட்டு."

"அது… எல்லோருக்கும் தெரிந்த வழக்கம்."

"எனக்குத் தெரியாது. நகம் பதித்தது பட்டைக்குத்தான், உன் வழக்கத்துக்கு இல்லை." அவள் மைனாக்களின் பக்கம் திரும்பினாள். "நீங்கள் எவ்வளவு வாங்குகிறீர்கள்?"

"ஐந்நூறு. மாதம் ஐந்தரை காய்தானாம்!" என்றது பெண் மைனா மகிழ்ச்சியாக.

"மொத்தம் எவ்வளவு என்று கேட்டீர்களா?"

"மொத்தமா?"

"கேளுங்கள். இப்போதே, எங்கள் எல்லோர் முன்னாலும் கேளுங்கள்."

"மொத்தம் எவ்வளவு?" என்றது பெண் மைனா.

"மொத்தம் எவ்வளவு?" என்றது ஆண் மைனா.

சவ்வாதன் சிரித்துப் பார்த்தான். "மொத்தக் கணக்கு எதற்குச் செல்லங்களே? ஐந்தரை காய் முடியுமா என்று மட்டும்…"

"மொத்தம் எவ்வளவு? மொத்தம் எவ்வளவு?" மைனாக்கள் நிறுத்தவில்லை.

பின்வரிசையில் நின்ற முள்ளம்பன்றி மெதுவாக வாய் திறந்தது. "ஆமாம் சவ்வாதா, எனக்கு மொத்தம் எவ்வளவு? ஒன்பது வருடமாகக் கட்டுகிறேன்."

"எனக்கு?" என்றது கீரி.

"எனக்கு?" என்றது மரநாய்.

யாருக்கும் பதில் வரவில்லை. பதில் வராததையும் எல்லோரும் கேட்டார்கள். மைனா ஜோடி நகத்தைப் பதிக்காமல் இழுத்துக்கொண்டது. அதைப் பார்த்ததும் சவ்வாதனுக்கு வியர்த்தது. கடன் வாங்க ஆளில்லாமல் கிடக்கும் காய் வட்டி ஈட்டாது. வண்டு துளைத்துப் பொடியாகும்.

அவன் பதினான்கு காயையும் எண்ணி அசலில் கழித்தான். கணக்குப் பட்டையில் கீறும்போது அவன் நகம் கிறீச்சிட்டது.

அந்த வாரத்துக்குள் மைனாக்கள் அந்தக் கேள்வியை மலை முழுவதும் பரப்பிவிட்டன. பிறகு பொந்து பார்க்கப் போனவர்கள் எல்லோரும் முதலில் அதையே கேட்டார்கள். மைனா ஜோடி இரண்டு பருவம் பொறுத்து, காய் சேர்த்து, இருநூறு மட்டும் கடன் வாங்கியது. ஒன்பது வருடம் கட்டிய முள்ளம்பன்றிக்குத்தான் ஆறவில்லை. தான் ஏற்கெனவே கொடுத்துவிட்ட வட்டியைக் கூட்டிப் பார்த்துவிட்டு, அது இரண்டு நாள் வளையைவிட்டு வெளியே வரவில்லை.

கொண்டையனும் மலைச்சியும் சொன்னபடி கட்டினார்கள். எளிதாக இல்லை. மற்ற பறவைகள் ஆற்றில் நீராடிக்கொண்டிருந்தபோது இவர்கள் மலை தாண்டிப் பறந்தார்கள். ஆனால் குஞ்சு பொரித்த மாதங்களில் பழத்துக்குப் பிறகுதான் காய் தேடினார்கள். ஒருமுறை தவணை பிந்தியது. இரண்டு காய் அபராதத்தை மலைச்சி முகம் சுளிக்காமல் வைத்தாள்.

"பட்டையில் இருக்கிறது. கொடுக்கிறேன்" என்றாள்.

எழுபத்தேழாவது பௌர்ணமிக்கு மறுநாள் கடன் தீர்ந்தது. கடைசிக் காயை எண்ணி எடுத்துக்கொண்ட சவ்வாதன் பெருமூச்சுவிட்டான்.

"தங்கையே, என் தொழிலில் எனக்கு நஷ்டம் வைத்தது நீ ஒருத்திதான்."

மலைச்சி அவனை நிமிர்ந்து பார்த்தாள். "நஷ்டமா? ஆயிரம் கொடுத்தாய். அபராதம் போக, ஆயிரத்து நானூற்று எழுபத்து நான்கு வாங்கியிருக்கிறாய். உனக்குக் கிடைக்காமல் போனதை நஷ்டம் என்கிறாய். எங்களுக்குக் கிடைக்காமல் போன குஞ்சுக்கு நீ என்ன பெயர் வைப்பாய்?"

சவ்வாதன் காய்களை வாரிக்கொண்டு பாறை இடுக்குக்குள் நுழைந்தான்.

கொண்டையன் மரப்பட்டையை அலகால் இரண்டாகக் கிழித்து ஆற்றில் போட்டான். இருவரும் தங்கள் பொந்துக்குப் பறந்தார்கள்.

நீதி: கடன் கொடுப்பவன் மாதத் தவணையைச் சொல்லிச் சிரித்தால், கடைசித் தவணைவரை மொத்தம் எவ்வளவு என்று கேள், பதில் வரும்வரை கையெழுத்துப் போடாதே.